டர்ட்டி மார்ட்டினி டிப்: மொதல்ல ஆலிவ்ல இருக்குற தண்ணியை வெளிய எடுங்க

டர்ட்டி மார்ட்டினி குடிச்சவங்களுக்கு அந்த ருசி உடனே ஞாபகம் வரும். ஜின் இல்லன்னா வோட்கா, கூட கொஞ்சம் டிரை வெர்மூத்ங்கற மூலிகை ஒயின், அதுல ஆலிவ் ஜாடியில இருக்குற உப்புத்தண்ணி ஒரு ஸ்பூன் ரெண்டு ஸ்பூன், மேல குச்சியில குத்தின ஆலிவ். அந்த உப்புத்தண்ணி விழுந்ததும் அதுவரைக்கும் தெளிவா இருந்த டிரிங்க் லேசா கலங்கிடும், பேர்ல டர்ட்டி வந்தது அதனாலதான். அந்த உப்பு, ஆலிவோட அந்த லேசான கசப்பு, ரெண்டையும் கொஞ்சம் எலுமிச்சை வாசனையோட கிரீம் சீஸுக்குள்ள கொண்டு வர்றதுதான் இந்த டிப், அதாவது தொட்டு சாப்பிடுற கலவை. அடுப்பே பத்த வைக்க வேண்டாம், கை வேலை இருபது நிமிஷம், அப்புறம் ஃப்ரிட்ஜ் பாத்துக்கும். ஆல்கஹால் வேண்டாம்னு நினைக்கிறவங்களுக்கும் வழி இருக்கு, அதை தனியா சொல்றேன்.

இந்த டிப் நல்லா வர்றதும் கெட்டுப்போறதும் தண்ணியிலதான் இருக்கு. நான் மொதல் தடவை பண்ணப்ப ஆலிவை சும்மா வடிகட்டியில ஒரு தட்டு தட்டிட்டு, கிரீம் சீஸ் கூட சேர்த்து மிக்ஸியில போட்டு ஒரே சுத்தா சுத்திட்டேன், ரெண்டு நிமிஷத்துல வேலை முடிஞ்சுது, ஆனா வந்தது சாம்பல் கலந்த பச்சையில ஒரு கூழ், ஆலிவ் எங்க இருக்குன்னே நாக்குக்கு தெரியல, வாய் பூரா உப்பு மட்டும் கரிச்சுது. சாயங்காலம் ஆளுங்க வர்ற நேரத்துக்கு எடுத்துப் பாத்தா கிண்ணத்தோட ஓரம் சுத்தி தண்ணி நிக்குது. அதுக்கப்புறம் மாத்தி மாத்தி பண்ணிப் பாத்து நான் புடிச்ச வழி இதுதான்: ஆலிவ்ல இருக்குற தண்ணியை முழுசா வெளிய எடுத்துடணும், அப்புறம் அதே தண்ணியை ஸ்பூன் கணக்குல நாமளே திரும்ப ஊத்தணும். எவ்வளவு உப்பு எவ்வளவு இளக்கம்ங்கறதை ஆலிவ் கிட்ட விடாம நம்ம கையில வச்சுக்கணும்.

எட்டு பத்து பேருக்கு அளவு சொல்றேன். கிரீம் சீஸ் 225 கிராம், அதாவது 8 அவுன்ஸ் கட்டி ஒன்னு. சவர் கிரீம் 60 கிராம், அது இல்லன்னா துணியில கட்டி தண்ணி வடிச்ச கெட்டித் தயிர் அதே அளவு. கொட்டை எடுத்த பச்சை ஆலிவ் 150 கிராம், இது வடிச்சதுக்கு அப்புறம் வர்ற எடை. ப்ளூ சீஸ், அதாவது நீலப் பூஞ்சை வளர வச்ச வாசனை தூக்கலான சீஸ், 40 கிராம். ஜாடியில இருக்குற உப்புத்தண்ணி, அதாவது பிரைன், 1 டேபிள்ஸ்பூன்ல ஆரம்பிச்சு 2 வரைக்கும் போகலாம். ஜின் இல்லன்னா வோட்கா 1 டேபிள்ஸ்பூன், டிரை வெர்மூத் 1 டீஸ்பூன். ஒரு எலுமிச்சம்பழத்தோட தோல் துருவல், சாறு 1 டீஸ்பூன். புதுசா இடிச்ச மிளகு அரை டீஸ்பூன். பொடியா நறுக்கின வெங்காயத்தாள் ஒரு கைப்பிடி. உப்பு லிஸ்ட்லயே இல்லைங்கறதை கவனிச்சுக்கோங்க, ஆலிவ்லயும் பிரைன்லயும் ப்ளூ சீஸ்லயும் இருக்குறதே தாராளம்.

இப்ப ஆலிவ். இதுல கொஞ்சம் நேரம் எடுத்து தேர்ந்தெடுங்க, ஏன்னா டிப்போட முகமே இதுதான். மரத்துல இருந்து பறிச்ச ஆலிவை யாராலயும் சாப்பிட முடியாது, அவ்வளவு கசப்பு, ஓலியூரோப்பின்னு ஒரு பொருள் அதுல இருக்கு, அதை போக்கத்தான் உப்புத்தண்ணியிலயோ, அல்கலி கரைச்ச காரத்தண்ணியிலயோ ஊற வைக்கிறாங்க. எப்படி ஊற வச்சாங்க எவ்வளவு நாள் ஊறுச்சுங்கறதைப் பொறுத்துதான் ஒவ்வொரு ஜாடியும் ஒவ்வொரு மாதிரி இருக்கு. கடையில காஸ்டல்வெட்ரானோன்னு பேர் போட்டு வர்றது இத்தாலியில சிசிலி தீவுல விளையுற நொச்செல்லாரா தெல் பெலிச்சேங்கற வகை, பளிச்சுன்னு பச்சையா இருக்கும், கடிச்சா வெண்ணெய் மாதிரி சதைப்பத்து, உப்பு கம்மி, கசப்பு ரொம்ப கம்மி. ஸ்பெயினோட மன்சனில்லா சின்னதா இருக்கும், நடுவுல செவப்பா பிமென்டோ மிளகாய் வச்சது பெரும்பாலும் இதுதான், உப்பும் புளிப்பும் தூக்கலா இருக்கும், மார்ட்டினி கிளாஸ்ல நாம பாக்குற ஆலிவோட ருசி இதுல இருந்துதான் வரும். நான் ரெண்டையும் கலப்பேன், மூணுல ரெண்டு பங்கு காஸ்டல்வெட்ரானோ, ஒரு பங்கு மன்சனில்லா, மொதலாவது சதைக்கு ரெண்டாவது சுரீர்னு ஒரு ருசிக்கு. ஒரே வகைதான் கிடைக்குதுன்னா மன்சனில்லா மட்டும் போட்டாலும் டிப் நல்லாவே வரும், பிரைனை மட்டும் கொறைச்சு ஊத்துங்க.

டின்ல வர்ற கறுப்பு ஆலிவ் இதுக்கு வேண்டாம். அது பெரும்பாலும் பழுக்காத காயை காரத்தண்ணியில போட்டு காத்து பட வச்சு கறுப்பாக்கினது, அந்த நிறம் மாறாம இருக்க இரும்பு உப்பு ஒன்னு சேர்ப்பாங்க. பீட்சா மேல நல்லாதான் இருக்கும், ஆனா இங்க போட்டா ருசி மொட்டையா போயிடும், வெள்ளை கிரீம்ல கறுப்பு வேற கசிஞ்சு அழுக்கு நிறம் வந்துடும். கலாமட்டா நல்ல ஆலிவ்தான், எனக்கு ரொம்ப பிடிக்கும், ஆனா அது வினிகர் பக்கம் இழுக்கும், மார்ட்டினி ருசி கிடைக்காது. முடிஞ்சா கொட்டையோட வர்ற ஆலிவா வாங்கி நீங்களே கொட்டையை எடுங்க. கொட்டை எடுத்து ஜாடியில போட்டதுல உள்ள ஓட்டை வழியா உப்புத்தண்ணி புகுந்து சதை சொதசொதன்னு இருக்கும், கொட்டையோட இருக்குறது கெட்டியா இருக்கும். கொட்டை எடுக்கறதும் கஷ்டமில்ல, பலகையில வச்சு கத்தியோட அகலப் பக்கத்தால ஒரு அமுக்கு அமுக்கினா தோல் பொளந்து கொட்டை தானா வெளிய வந்துடும்.

அப்புறம்தான் முக்கியமான வேலை. ஆலிவை வடிகட்டியில போட்டு பத்து நிமிஷம் அப்படியே விடுங்க, கீழ ஒரு கிண்ணம் வச்சு பிரைனை புடிச்சுக்கோங்க, அது வேணும். அப்புறம் ஒரு சுத்தமான டவலையோ மூணு நாலு கிச்சன் பேப்பரையோ விரிச்சு ஆலிவைக் கொட்டி, மேல இன்னொரு பேப்பர் போட்டு உள்ளங்கையால அமுக்கி உருட்டுங்க. எடுத்துப் பாத்தா பேப்பர் பூரா மஞ்சளும் பச்சையுமா ஈரம் எறங்கி இருக்கும், அவ்வளவு தண்ணி உள்ள ஒளிஞ்சு இருந்துச்சுன்னு அர்த்தம். இப்ப நறுக்குங்க. கத்தியாலதான் நறுக்கணும், மிக்ஸி வேண்டாம், பிளேடு ஆலிவை நசுக்கிடும், நசுங்குன ஆலிவ் தண்ணியை விட்டுக்கிட்டே இருக்கும். பாதி ஆலிவை மிளகு சைஸுக்கு பொடியா நறுக்குங்க, அது கிரீம் முழுக்க பரவி ருசி குடுக்கும், மீதி பாதியை கொண்டைக்கடலை சைஸுக்கு கொஞ்சம் பெருசா விடுங்க, அது பல்லுல நறுக்குன்னு தட்டுப்படும். நறுக்குனதுக்கு அப்புறமும் பலகையில ஈரம் நிக்கும், திரும்ப ஒரு பேப்பர்ல அள்ளி மெதுவா ஒரு பிழி பிழிங்க. இந்த ரெண்டாவது பிழிதலைத்தான் நிறைய பேர் விட்டுடறாங்க, அடுத்த நாள் கிண்ணத்து ஓரத்துல நிக்குற தண்ணி அதுதான்.

கிரீம் சீஸை முன்னாடியே வெளிய எடுத்து வச்சுருக்கணும், முப்பது நாப்பது நிமிஷம் போதும், விரல் வச்சு அமுக்கினா எதிர்ப்பில்லாம பள்ளம் விழணும். ஜில்லுன்னு இருக்குறப்ப அடிச்சீங்கன்னா சின்னச் சின்ன வெள்ளைக் கட்டி தட்டும், அது கடைசி வரைக்கும் கரையாது, எவ்வளவு அடிச்சாலும் அப்படியே நிக்கும். அவசரம்னா கட்டியை சின்னச் சின்னத் துண்டா வெட்டி தட்டுல பரப்பி வைங்க, சீக்கிரம் இளகிடும். கட்டியா வர்றது வாங்குங்க, டப்பாவுல பிரெட்டுக்குத் தடவ வர்ற இளகின வகை வேண்டாம், அதுல ஏற்கனவே ஈரம் ஜாஸ்தி, நாம ஊத்தப்போற பிரைனையும் ஜின்னையும் தாங்காது. கொழுப்பு கம்மி பண்ணினதுக்கும் இதே கதைதான். அமெரிக்காவுல கிரீம் சீஸ்னு பேர் போடணும்னா 33 சதவீதமாவது பால் கொழுப்பு இருக்கணும், ஈரம் 55 சதவீதத்தைத் தாண்டக்கூடாதுன்னு சட்டமே இருக்கு, அந்தக் கொழுப்புதான் உப்பையும் ஆல்கஹாலோட காரத்தையும் மெத்துன்னு ஆக்கித் தருது. எலுமிச்சை ஊத்தினா திரிஞ்சிடுமான்னு சிலர் பயப்படுவாங்க, திரியாது, கிரீம் சீஸே பாலைப் புளிக்க வச்சு பண்றதுதான்.

அடிக்கிற முறைக்கு வருவோம். மொதல்ல கிரீம் சீஸை மட்டும் தனியா கை பீட்டராலயோ உறுதியான மரக்கரண்டியாலயோ ஒரு நிமிஷம் அடிங்க, வழவழன்னு ஆகணும். அப்புறம் ப்ளூ சீஸை உதிர்த்துப் போட்டு கலந்துக்கோங்க, மார்ட்டினிக்கு ப்ளூ சீஸ் அடைச்ச ஆலிவ் போடற வழக்கம் உண்டு, அந்த வாசனைதான் இது. ப்ளூ சீஸ் வாடையே ஆகாதுன்னா அதே அளவுக்கு ஃபெட்டா போடுங்க, ஆனா ஃபெட்டாவும் உப்புத்தண்ணியில ஊறினதுதான், அதையும் பேப்பர்ல ஒத்தி எடுத்துட்டுதான் போடணும். அடுத்து சவர் கிரீம். இது மூணும் ஒன்னா சேர்ந்ததும் பீட்டரை வச்சுடுங்க, இனிமே கரண்டி மட்டும்தான்.

இப்ப பிரைன் 1 டேபிள்ஸ்பூன், ஜின், வெர்மூத், எலுமிச்சை சாறு, இதை எல்லாம் ஒரு சின்ன கப்புல கலந்து வச்சுக்கிட்டு மூணு தடவையா ஊத்துங்க, ஒவ்வொரு தடவையும் கிரீம் அதை முழுசா இழுத்துக்கிட்டதும் அடுத்தது. மொத்தமா ஊத்தினா கிரீம் ஒரு பக்கம் தண்ணி ஒரு பக்கம்னு வழுக்கிட்டு ஓடும். பதம் எப்படிப் பாக்கறதுன்னா, கரண்டியில அள்ளி கவுத்தா உடனே விழக்கூடாது, ஒரு நொடி ரெண்டு நொடி யோசிச்சுட்டு தொப்புன்னு விழணும், விழுந்த இடத்துல அந்தக் குமிழ் அப்படியே நிக்கணும். விழவே மாட்டேங்குதுன்னா இன்னும் அரை ஸ்பூன் பிரைன் ஊத்தலாம். ஃப்ரிட்ஜ்ல வச்சா இன்னும் இறுகும்ங்கறதை மனசுல வச்சு பதத்தைக் கொஞ்சம் இளக்கமாவே நிறுத்துங்க.

ஜின்னா வோட்காவான்னு கேட்டா நான் ஜின்னுன்னுதான் சொல்வேன். வோட்காவுல பெருசா வாசனை கிடையாது, லேசா ஒரு காரம் மட்டும் குடுக்கும். ஜின்ல ஜூனிபர்ங்கற செடியோட காய் வாசனை இருக்கு, அது எலுமிச்சைத் தோலோடவும் மிளகோடவும் நல்லா சேர்ந்துக்கும். எது போட்டாலும் 1 டேபிள்ஸ்பூனைத் தாண்டாதீங்க, இது சமைக்கிற டிப் இல்ல, ஆல்கஹால் எங்கயும் ஆவியா போகாது, கூட ஊத்தினா தொண்டையில பச்சையா எரியும், டிப்பும் தளர்ந்துடும். வெர்மூத்ங்கறது மூலிகை போட்டு ஊற வச்ச ஒயின், டிரைன்னு போட்ட வெள்ளைதான் வேணும், இனிப்பான செவப்பு வேண்டாம். ஒயின்ங்கறதால தொறந்த பாட்டிலை ஃப்ரிட்ஜ்லதான் வைக்கணும், அலமாரியில ஒரு வருஷமா தொறந்து கிடக்குற வெர்மூத்தை ஊத்தறதுக்கு ஊத்தாமலே விடலாம்.

ஆல்கஹால் கணக்கையும் சொல்லிடறேன், ஏன்னா விருந்தாளிங்க கேப்பாங்க. 40 சதவீத ஜின் 15 மில்லியும் வெர்மூத் 5 மில்லியும் சேர்த்தா சுத்த ஆல்கஹால் சுமார் 7 மில்லி, அது அரை கிலோ டிப்புல பரவி இருக்கு. அளவு கம்மிதான், ஆனாலும் இருக்கு. அதனால குழந்தைங்க இருக்குற வீடு, கர்ப்பமா இருக்குறவங்க, மதத்துக்காகவோ மருந்துக்காகவோ குடியை விட்டுட்டதாலயோ தொடாதவங்க, இவங்க வர்ற இடத்துல ஆல்கஹால் போடாத டிப் வைக்கணும், இல்லன்னா கிண்ணத்துக்குப் பக்கத்துல ஒரு சீட்டு எழுதி வச்சாகணும். கேக்காம யாரும் தெரியாம சாப்பிட்டுடக் கூடாது, இதுல நான் ரொம்பக் கண்டிப்பு.

ஆல்கஹால் இல்லாம பண்றதுக்கு ஜின்னுக்குப் பதிலா ரெண்டு மூணு காஞ்ச ஜூனிபர் காயை இடிச்சு, ஒரு டேபிள்ஸ்பூன் சூடான பிரைன்ல பத்து நிமிஷம் ஊற வச்சு வடிச்சு, அந்தத் தண்ணியையே லிஸ்ட்ல இருக்குற மொதல் ஸ்பூன் பிரைனா ஊத்துங்க, வாசனை கிட்டத்தட்ட அதேதான். வெர்மூத்துக்குப் பதிலா வெள்ளை ஒயின் வினிகர் கால் டீஸ்பூன். ஜூனிபர் கிடைக்கலன்னா எலுமிச்சைத் தோலைக் கொஞ்சம் கூட்டிக்கோங்க, பெரிய குறை தெரியாது, இந்த டிப்புல ஆலிவும் பிரைனும்தான் பேசுது.

எலுமிச்சைத் தோலைத் துருவுறப்ப மேல இருக்குற மஞ்சளை மட்டும் எடுங்க, அடியில வெள்ளை தெரிஞ்சதும் பழத்தைத் திருப்பிடுங்க, அந்த வெள்ளை சுத்தக் கசப்பு. கிண்ணத்துக்கு நேர் மேல வச்சு துருவுங்க, துருவுறப்ப தெறிக்குற எண்ணெய்லதான் வாசனையே இருக்கு, பலகையில துருவினா அது பலகைக்குத்தான் போகும். துருவல், மிளகு, வெங்காயத்தாள், கடைசியா ஆலிவ், எல்லாத்தையும் போட்டு அடியில இருந்து மேல மடிச்சு மடிச்சுக் கலக்குங்க, அடிக்காதீங்க. வெள்ளை கிரீம்ல பச்சைத் துண்டு தனித்தனியா தெரியணும், எல்லாம் சேர்ந்து வெளிர்பச்சையா மாறிடுச்சுன்னா ஜாஸ்தி கலக்கிட்டீங்கன்னு அர்த்தம்.

இப்ப ருசி பாத்தா உப்பு கொஞ்சம் பத்தாத மாதிரி தோணும். கையை வைக்காதீங்க. ஆலிவ்ல மிச்சம் இருக்குற உப்பு மெதுவா கிரீமுக்குள்ள எறங்கும், அதுக்கு நேரம் வேணும். மூடி போட்டு ஃப்ரிட்ஜ்ல ரெண்டு மணி நேரமாவது வைங்க, மொத நாள் ராத்திரியே பண்ணி வச்சா இன்னும் நல்லது, ஜின்னோட பச்சை வாடையும் அடங்கி எல்லாம் ஒன்னோட ஒன்னு சேர்ந்துருக்கும். பரிமாறுறதுக்கு இருபது நிமிஷம் முன்னாடி எடுத்து வெளிய வச்சுட்டு அப்புறம் ருசி பாருங்க, கூடவே எதோட சாப்பிடப் போறீங்களோ அந்த பிஸ்கட்டையோ சிப்ஸையோ தொட்டே பாருங்க. வெறும் ஸ்பூன்ல சரியா இருக்குற உப்பு, உப்பு சிப்ஸோட சேர்ந்தா தாங்காது. அப்பவும் பத்தலன்னா பிரைன் அரை டீஸ்பூன் போதும், தூள் உப்பு வேண்டாம்.

தொட்டு சாப்பிட எனக்கு மொத இடம் செலரித் தண்டுதான், அந்தத் தண்ணிச் சத்தும் நறுக்குன்ற கடியும் இந்த உப்புக்கு சரியான ஜோடி. வெள்ளரிக்காயை வட்டமா வெட்டி வைக்கலாம், உப்பு போடாத கிராக்கர், மெல்லிசா வெட்டி மொறுமொறுன்னு வாட்டின பிரெட், எல்லாம் நல்லா வரும். அகலமான ஆழம் கம்மியான கிண்ணத்துல எடுத்து, ஸ்பூனோட முதுகால சுழிச்சு ஒரு பள்ளம் பண்ணி, அதுல நல்ல ஆலிவ் எண்ணெய் ஒரு ஸ்பூன் ஊத்தி, மேல முழு ஆலிவ் மூணு நாலு, ஒரு சுருள் எலுமிச்சைத் தோல். மார்ட்டினி கிளாஸ்ல வைக்கலாம்னு ஆசை வரும், பாக்க அழகா இருக்கும்தான், ஆனா அந்தக் கூம்புக்குள்ள ஒரே நேரத்துல ரெண்டு பேர் கை விட முடியாது, கழுத்து வேற ஒல்லி, ஒருத்தர் கிராக்கரை அழுத்தினா கிளாஸே சாஞ்சிடும். ஒரே ஒரு கிளாஸ்ல அழகுக்கு வச்சுட்டு மீதியை கிண்ணத்துல வைங்க.

சரி பண்றதுக்கு சில வழி. ரொம்ப இளகிடுச்சுன்னா இன்னும் 50 கிராம் கிரீம் சீஸை தனியா அடிச்சு அதுல இந்த டிப்பை கொஞ்சம் கொஞ்சமா சேருங்க, ஃப்ரிட்ஜ்ல வச்சா தானா இறுகிடும்னு காத்திருந்தா கொஞ்சம்தான் இறுகும். உப்பு கரிச்சா சவர் கிரீமும் எலுமிச்சைத் துருவலும் கூட்டுங்க, புளிப்பு வந்தா உப்பு பின்னாடி போயிடும். மேல தண்ணி நின்னா கலக்காதீங்க, கிண்ணத்தைச் சாச்சு வடிச்சு விட்டுடுங்க. மாத்திப் பண்ணணும்னு தோணினா, மார்ட்டினியில ஆலிவுக்குப் பதிலா ஊறுன சின்ன வெங்காயம் போட்டா அதுக்கு கிப்சன்னு பேரு, அதே மாதிரி இதுல ஆலிவ்ல பாதியைக் கொறைச்சுட்டு காக்டெயில் வெங்காயத்தை நறுக்கிப் போடுங்க, அதையும் இதே மாதிரி பிழிஞ்சுட்டு.

பார்ட்டி நடக்குறப்ப கிண்ணம் வெளியவே ரெண்டு மணி நேரத்துக்கு மேல இருக்கக் கூடாது, 32 டிகிரிக்கு மேல வெயில் அடிக்குற நாள்ல வெளிய வச்சீங்கன்னா ஒரு மணி நேரம்தான். கொஞ்சமா ஆல்கஹாலும் உப்பும் இருக்குறதால கெடாதுன்னு நினைச்சுடாதீங்க, இந்த அளவு எதையும் காப்பாத்தாது. பாதியை ஃப்ரிட்ஜ்லயே வச்சுட்டு காலியாக ஆக நிரப்புறதுதான் நல்ல வழி. மிச்சம் ஆனது மூடி வச்சா மூணு நாலு நாள் இருக்கும், ஃப்ரீசர்ல மட்டும் போடாதீங்க, உருகி வந்ததும் கிரீம் சீஸ் மணல் மணலா பிரிஞ்சு போகும். சூடா வெந்த உருளைக்கிழங்கைப் பொளந்து இதை ஒரு ஸ்பூன் வச்சுப் பாருங்க, இல்லன்னா அவிச்ச முட்டையோட மஞ்சக்கருவோட பிசைஞ்சு திரும்ப அடைச்சுப் பாருங்க.

அப்புறம் அந்த ஆலிவ் ஜாடி. பிரைனை எடுத்துட்டதால மிச்ச ஆலிவ் தண்ணிக்கு மேல தலை நீட்டிக்கிட்டு இருக்கும், அப்படியே விட்டா மேல பூஞ்சை புடிச்சுடும். வடிச்ச பிரைன்ல டிப்புக்குப் போக மிஞ்சினதை எல்லாம் திரும்ப ஜாடியிலயே ஊத்துங்க, அப்பவும் பத்தலன்னா ஒரு கப் தண்ணிக்கு ஒரு டீஸ்பூன் உப்பு கரைச்சு ஆலிவ் முங்குற வரைக்கும் ஊத்தி ஃப்ரிட்ஜ்ல வைங்க, அடுத்த தடவை டிப் பண்ண அந்த ஜாடியே கை குடுக்கும்.